ட்ரீம்காஸ்ட் வி.எம்.யூ.வில் நாமே செய்த மினிகேம்களை ஏற்றுவது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இது எந்த கன்சோலைப் பற்றியது?

சேகா நிறுவனத்தின் ட்ரீம்காஸ்ட். ஜப்பானில் 1998 நவம்பரிலும் அமெரிக்காவில் 1999 செப்டம்பர் 9 அன்றும் வெளிவந்தது. 2001-லேயே தயாரிப்பை நிறுத்திவிட்டார்கள். ஆயுள் குறைவு என்றாலும் வீட்டில் உட்கார்ந்து கேம் எழுதுகிறவர்கள் இன்றுவரை இதை விடவில்லை. அதற்குப் பல காரணங்கள் உண்டு. அவற்றில் ஒன்று, கன்ட்ரோலரில் செருகும் அந்தக் குட்டி மெமரி கார்டு. அதன் பெயர் விஷுவல் மெமரி யூனிட், சுருக்கமாக வி.எம்.யூ. ஜப்பானில் அதை விஷுவல் மெமரி என்று விற்றார்கள்.

மெமரி கார்டில் எப்படி கேம் ஓடும்?

இது வெறும் கார்டு இல்லை, சின்னதாக ஒரு கம்ப்யூட்டரே உள்ளே இருக்கிறது. சான்யோ தயாரித்த 8-பிட் சிப், 48-க்கு 32 பிக்சல் கறுப்பு வெள்ளைத் திரை, திசை பட்டன், ஏ, பி, மோட், ஸ்லீப் என்ற நான்கு பட்டன்கள், பீப் அடிக்கும் ஒரு குட்டி ஸ்பீக்கர், 128 கிலோபைட் பிளாஷ் மெமரி. கன்ட்ரோலரிலிருந்து கழற்றிவிட்டால் இரண்டு சி.ஆர்.2032 பேட்டரியில் தனியாக ஓடும். ஜப்பானில் கன்சோல் வருவதற்கு முன்பே, 1998 ஜூலையில், காட்ஸில்லா படம் போட்ட பதிப்பாக இதைத்தான் முதலில் கடைக்குக் கொண்டுவந்தார்கள்.

சோனிக் அட்வென்ச்சர் கேம் விளையாடியவர்களுக்கு, அதில் வளர்க்கும் சாவ் என்ற செல்லப்பிராணிக் குட்டியை இதில் ஏற்றி எடுத்துக்கொண்டு போனது நினைவிருக்கும். ஸ்கைஸ் ஆஃப் ஆர்கேடியா என்ற கேமில் பிந்தாவின் பயணம் என்று ஒரு மினிகேம் வந்தது. அவையெல்லாம் கேம் கம்பெனிகள் செய்தவை. அதே இடத்தில் நம்முடையதையும் போடலாம்.

என்னென்ன தேவை?

ஒரு ட்ரீம்காஸ்ட், ஒரு அசல் வி.எம்.யூ., இரண்டு சி.ஆர்.2032, கம்ப்யூட்டரிலிருந்து கன்சோலுக்கு பைலைக் கொண்டுபோக ஒரு வழி. திரை இல்லாத மலிவு மெமரி கார்டுகளில் சேவ் (ஆட்டத்தை எங்கே விட்டோம் என்ற பதிவு) மட்டும்தான் இருக்கும், கேம் ஓடாது. வாங்கும்போது திரை இருக்கிறதா என்று பாருங்கள்.

கன்சோலே இன்னும் வாங்கவில்லை என்றால் ஒன்றை மறக்கவேண்டாம். ஜப்பான் ட்ரீம்காஸ்ட் 100 வோல்ட், அமெரிக்க ட்ரீம்காஸ்ட் 120 வோல்ட். பவர் சப்ளை பெட்டிக்குள்ளேயே இருக்கிறது. நம் வீட்டு 230 வோல்ட்டில் நேராகச் செருகினால் அதோடு கதை முடிந்தது. ஐரோப்பிய மாடல் அப்படியே ஓடும். மற்றவற்றுக்குப் வோல்ட்டைக் குறைக்கும் பொருத்தமான ஸ்டெப் டவுன் டிரான்ஸ்பார்மர் வாங்குங்கள். வி.எம்.யூ.வுக்கு இந்த நாட்டு வேறுபாடு எதுவும் கிடையாது, எந்த ட்ரீம்காஸ்டிலும் பொருந்தும்.

கன்சோலைத் திறந்து சிப் வைக்க வேண்டுமா?

பெரும்பாலும் வேண்டாம். மில்-சிடி என்று ஒரு வகை டிஸ்க்கை சேகா கொண்டுவந்தது: பாட்டு சிடியோடு கொஞ்சம் படமும் மெனுவும் சேர்ந்தது. அதைப் படிப்பதற்காக கன்சோலுக்குள் வைத்த வழியே வெளியாட்கள் உள்ளே வரும் வாசலாகிவிட்டது. சாதாரண சிடி-ஆரில் சரியான முறையில் எழுதிய டிஸ்க்கைப் போட்டால், எந்த மாற்றமும் செய்யாத கன்சோலே அதைப் படித்து ஓட்டும்.

2000-ஆம் ஆண்டின் கடைசியிலிருந்து வந்த சில கன்சோல்களில் இந்த வாசலை அடைத்துவிட்டார்கள். அப்படி ஒன்று கையில் மாட்டினால், சிடி டிரைவுக்குப் பதிலாக எஸ்.டி. கார்டிலிருந்து படிக்கும் ஜி.டி.எமு போன்ற பலகையைப் பொருத்திக்கொள்ளலாம். அதுவும் எல்லா மதர்போர்டிலும் பொருந்தாது, விற்கிறவரிடம் கேட்டுவிட்டு வாங்குங்கள்.

ஒரு வி.எம்.யூ.வில் எத்தனை மினிகேம் வைக்கலாம்?

ஒன்றே ஒன்று. கார்டின் மெமரியைப் பிளாக் என்ற சிறு துண்டுகளாகக் கணக்கிடுவார்கள். பத்து பிளாக் கேமாக இருந்தாலும் சரி, நூறு பிளாக் கேமாக இருந்தாலும் சரி, ஒன்றுக்கு மேல் முடியாது. காரணம் இதுதான்: அந்தச் சிப் கேமின் கட்டளைகளை ரேமுக்கு எடுத்துப் போட்டு ஓட்டுவதில்லை. பிளாஷில் எங்கே இருக்கிறதோ அங்கிருந்தே நேராகப் படித்து ஓட்டுகிறது. முதல் கட்டளை முகவரி 0-இல் இருந்தாக வேண்டும். 0-ஆவது பிளாக் ஒன்றுதான் இருக்கிறது, ஆகவே கேமும் ஒன்றுதான்.

இந்த ஒரு விஷயம் பிடிபட்டால் மற்ற குழப்பங்களில் முக்கால்வாசி தானாகவே தீரும். அதனால் அடுத்த கேள்வியையும் சேர்த்தே படியுங்கள்.

80 பிளாக் காலி என்று காட்டுகிறது, 60 பிளாக் கேம் ஏறமாட்டேன் என்கிறது. ஏன்?

இதுதான் அதிகம் பேர் கேட்கும் கேள்வி. வி.எம்.யூ. மெமரி 256 பிளாக்காகப் பிரிந்திருக்கிறது, ஒரு பிளாக் 512 பைட். நமக்குக் கிடைப்பது 0 முதல் 199 வரை, அதாவது 200 பிளாக். மேலே 255-ஆவது பிளாக்கில் கார்டின் அடிப்படை விவரம், 254-இல் எந்த பிளாக் யாருக்கு என்ற பட்டியல், 241 முதல் 253 வரை பைல் பெயர்கள்.

சாதாரண சேவ் பைல்கள் 199-இலிருந்து கீழ்நோக்கி நிரம்பும். கேம் மட்டும் 0-இலிருந்து மேல்நோக்கி, நடுவில் இடைவெளி இல்லாமல், ஒரே வரிசையில் உட்காரும். அதிகபட்சம் 128 பிளாக், அதாவது 64 கிலோபைட்.

கார்டு ஒரு காலத்தில் நிரம்பி வழிந்திருந்தால் சில சேவ்கள் 0, 1, 2 என்று அடிப்பகுதி வரை இறங்கியிருக்கும். பிறகு நீங்கள் மேலே இருந்த பழைய சேவ்களை அழித்திருப்பீர்கள். மொத்தக் கணக்கில் 80 காலி, ஆனால் கேமுக்கு வேண்டிய அடிப்பகுதியில் யாரோ குடியிருக்கிறார்கள். சேவ்களை எல்லாம் வேறொரு வி.எம்.யூ.வுக்கு நகல் எடுத்து, இங்கே அழித்துவிட்டு, திரும்பக் கொண்டுவாருங்கள். இந்த முறை மேலிருந்து ஒழுங்காக அடுக்கிக்கொள்ளும், அடி காலியாகிவிடும். சில கேம்களின் சேவ் பைல்களுக்கு நகல் தடை உண்டு, அவற்றை அழிப்பதற்கு முன் யோசியுங்கள்.

என் யோசனை: மினிகேமுக்கென்றே தனியாக ஒரு வி.எம்.யூ. வைத்துக்கொள்ளுங்கள். நாற்பது மணி நேரம் ஆடிச் சேர்த்த சேவ் இருக்கும் கார்டில் சோதனை செய்யவேண்டாம்.

வி.எம்.எஸ்., வி.எம்.ஐ., டி.சி.ஐ. என்று மூன்று விதமாகப் பைல் கிடைக்கிறது. எது வேண்டும்?

வி.எம்.எஸ். என்பதுதான் கேம். வி.எம்.ஐ. என்பது அதைப் பற்றிய 108 பைட் குறிப்புச் சீட்டு: பெயர், தேதி, அளவு, இது கேமா வெறும் டேட்டாவா, நகல் எடுக்கலாமா என்பதெல்லாம் அதில் இருக்கும். அந்தக் காலத்தில் ட்ரீம்காஸ்டின் மோடம் வழியாக இணையத்துக்குப் போய், வி.எம்.ஐ. இணைப்பைத் தட்டினால் கேம் நேராக கார்டில் இறங்கும். அதற்காக வந்த ஜோடி இது.

டி.சி.ஐ. என்பது இரண்டையும் ஒன்றாக்கிய வடிவம். நெக்சஸ் என்ற மெமரி கார்டுக்காக வந்தது. அதில் உள்ளடக்கம் நான்கு நான்கு பைட்டாகத் திருப்பிப் போடப்பட்டிருக்கும். ஆகவே பைலின் பெயர் முடிவை மட்டும் மாற்றி டி.சி.ஐ.யை வி.எம்.எஸ். ஆக்க முடியாது, மாற்றும் கருவி வேண்டும்.

நீங்களே வி.எம்.ஐ. செய்கிறீர்கள் என்றால் ஒரு வேடிக்கை: முதல் நான்கு பைட்டில் வரும் சரிபார்ப்பு எண், பைல் பெயரின் முதல் நான்கு எழுத்துகளையும் சேகா என்ற ஆங்கிலப் பெயரின் நான்கு எழுத்துகளையும் பிட் வாரியாக 'அண்ட்' செய்து வருவது. பாதுகாப்பு என்று சொன்னால் சிரிப்புதான் வரும். ஆனால் வி.எம்.எஸ். பைலின் பெயரை மாற்றிவிட்டு இதை மாற்றாமல் விட்டால் பிரௌசர் ஏற்காது.

சரி, எப்படி ஏற்றுவது?

வி.எம்.யூ.வை நிர்வகிக்கும் வெளியார் மென்பொருள்கள் சில இருக்கின்றன. அவற்றின் டிஸ்க் இமேஜோடு (முழு டிஸ்க்கின் நகலாக வரும் பைல்) உங்கள் கேம் பைலையும் சேர்த்து சிடி-ஆரில் ரைட் செய்யுங்கள். டிஸ்க்கைப் போட்டு கன்சோலை ஆன் செய்தால் பைல் பட்டியல் வரும். கேமைத் தேர்ந்தெடுத்து, எந்தக் கன்ட்ரோலரின் எந்த வி.எம்.யூ. என்று காட்டினால் எழுதிவிடும். எழுதும்போது கார்டைக் கழற்றாதீர்கள்.

அடிக்கடி மாற்றி மாற்றிச் சோதிப்பவர்களுக்கு ஒவ்வொரு தடவையும் ஒரு சிடி என்பது கட்டுப்படியாகாது. கன்சோலின் பின்னால் இருக்கும் சீரியல் போர்ட்டில் செருகும் எஸ்.டி. கார்டு அடாப்டர் மலிவாகக் கிடைக்கிறது. ட்ரீம்ஷெல் என்ற மென்பொருளின் டிஸ்க் ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு, பைல்களை எஸ்.டி. கார்டில் மாற்றிக்கொண்டே இருக்கலாம். வி.எம்.2 என்ற பெயரில் புதிதாக ஒரு மாற்றுக் கருவியும் வந்திருக்கிறது, அதில் மைக்ரோ எஸ்.டி. உண்டு. விலை அதிகம். ஒரே ஒரு கேம் போட்டுப் பார்க்க ஆசை என்றால் அது தேவையில்லை.

ஏற்றியபின் வி.எம்.யூ.வைக் கழற்றி, மோட் பட்டனை அழுத்தி கேம் நிலைக்கு வந்து, ஏ அழுத்துங்கள். அவ்வளவுதான்.

கன்சோலை ஆன் செய்ததும் 'பீ...' என்று கத்துகிறதே?

வி.எம்.யூ. பேட்டரி தீர்ந்துவிட்டது. கெட்டுப்போகவில்லை. சேவ்களும் பத்திரமாக இருக்கும், பிளாஷ் மெமரிக்கு பேட்டரி வேண்டாம். கன்ட்ரோலரில் செருகியிருக்கும்போது கன்சோலே மின்சாரம் கொடுக்கும். ஆனால் கழற்றி விளையாட பேட்டரி கட்டாயம். இரண்டையும் ஒன்றாக மாற்றுங்கள். விளையாடாத மாதங்களில் கழற்றி வைப்பது நல்லது.

நானே எழுத வேண்டும். எந்த மொழி?

அசெம்பிளி, அதாவது சிப்பின் கட்டளைகளை ஒவ்வொன்றாக நாமே எழுதும் மொழி. வேறு வழி தேடி நேரத்தை வீணாக்கவேண்டாம் என்பதே என் கருத்து. இந்தச் சிப்பில் சாதாரண ரேம் 256 பைட் கொண்ட இரண்டு பகுதிகள், ஸ்டாக்குக்கு (திரும்பி வரவேண்டிய முகவரிகளைக் குறித்துவைக்கும் இடம்) 128 பைட், தனியாக வேலைக்கென்று இன்னொரு 512 பைட். சி மொழியின் சௌகரியங்களுக்கு இங்கே இடமே இல்லை.

அதைச் சிப்புக்குப் புரியும்படி மாற்றும் அசெம்பிளர்களில் பழையது, ஸ்வீடனைச் சேர்ந்த மார்கஸ் காம்ஸ்டெட் எழுதிய ஏ.எஸ்.எல்.சி.86கே. இந்தச் சிப்பின் கட்டளைகளையும் பைல் அமைப்பையும் தோண்டி எடுத்து அவர் எழுதிவைத்த விளக்கங்களிலிருந்துதான் பெரும்பாலோர் இன்றைக்கும் தொடங்குகிறார்கள். புதிதாக வாட்டர்பேர் என்று ஒன்று இருக்கிறது, பிழைச் செய்திகள் தெளிவாக வரும். படம் வரைவது, பட்டன் படிப்பது போன்றவற்றுக்கு லிப்பெர்ஸ்பெக்டிவ் என்ற நூலகம் உதவும். முதல் கேமுக்கு அதையே பிடித்துக்கொள்ளுங்கள்.

பைலின் உள்ளமைப்பு எப்படி இருக்க வேண்டும்?

முதல் 512 பைட்டில் இன்டரப்ட் (நடக்கும் வேலையை நிறுத்தி சிப்பைக் கூப்பிடும் குறிப்பு) முகவரிகளும் பர்ம்வேருக்குத் தாவும் இடங்களும். இரண்டாவது பிளாக்கின் தொடக்கத்தில், அதாவது 512-ஆவது பைட்டில், தலைப்புப் பகுதி: வி.எம்.யூ. திரையில் தெரியும் 16 எழுத்துப் பெயர், கன்சோல் மெனுவில் தெரியும் 32 எழுத்து விவரம், 16 நிறப் பட்டியல், 32-க்கு 32 பிக்சல் ஐகான். ஐகான் ஒன்று சரியாக 512 பைட் வரும். சாதாரண சேவ் பைலில் இந்தத் தலைப்பு 0-ஆவது பைட்டிலேயே இருக்கும். அதைப் பார்த்து எழுதிவிட்டு, ஐகான் குப்பையாகத் தெரிகிறது என்று தவிப்பவர்கள் நிறைய.

பர்ம்வேர் என்பது சிப்பின் ரோமில் சேகா வைத்த நிரல். பிளாஷில் எழுத 256, சரிபார்க்க 272, படிக்க 288, கடிகாரத்துக்கு 304, கேமை விட்டு வெளியேற 496 என்று முகவரிகள் நிரந்தரம். ஒரு பிட்டைத் திருப்பிவிட்டுத் தாவினால், சிப் பிளாஷை விட்டு ரோமுக்குள் போய்விடும். அதனால் அந்தத் தாவல் கட்டளைகள் உங்கள் பைலிலும் அதே இடங்களில் இருக்கவேண்டும், ஒரு பைட் தள்ளிப்போனாலும் ஓடாது.

எழுதிய கேம் ஓடுகிறது, ஆனால் மணி நின்றுவிடுகிறது. மோட் பட்டனும் வேலை செய்யவில்லை.

இரண்டும் உங்கள் பொறுப்பு. கேம் ஓடும்போது சிப் முழுவதும் உங்கள் கையில். கடிகார இன்டரப்ட் 27-ஆவது முகவரிக்கு வரும், அங்கிருந்து 304-இல் இருக்கும் பர்ம்வேர் நிரலை நீங்கள்தான் கூப்பிட வேண்டும். மறந்தால் நேரம் நகராது. மோட் பட்டனையும் நீங்களே கவனித்து, அழுத்தியதும் 496-க்குத் தாவவேண்டும். ஸ்லீப் பட்டனைக் கவனிப்பதும் உங்கள் வேலைதான்.

பட்டன்கள் எல்லாம் போர்ட் 3-இல் (போர்ட் என்பது சிப் வெளியிலிருந்து தகவல் படிக்கும் இடம்) ஒரே பைட்டில் வரும்: மேல், கீழ், இடம், வலம், ஏ, பி, மோட், ஸ்லீப் என்ற வரிசையில் பிட் 0 முதல் 7 வரை. அழுத்தினால் 0, விட்டால் 1.

ஏன் இவ்வளவு மெதுவாக ஓடுகிறது?

கழற்றி விளையாடும்போது சிப் வழக்கமாக ஓடுவது 32.768 கிலோஹெர்ட்ஸ் குவார்ட்ஸில், கைக்கடிகாரத்தில் இருக்கும் அதே வேகம். ஆறால் வகுத்தால் விநாடிக்கு ஐயாயிரத்துச் சொச்சம் சுழற்சிகள்தான். முழுத் திரைக்கு 192 பைட். ஒரு பைட்டை எடுத்து வைத்து அடுத்ததற்கு நகர ஏழெட்டுச் சுழற்சி ஆகிறது என்று வைத்துக்கொண்டால், விநாடிக்கு மூன்று நான்கு தடவைக்கு மேல் முழுத் திரையை வரைய முடியாது.

இரண்டு வழி இருக்கிறது. சிப்பின் உள்ளேயே இருக்கும் ஆர்.சி. ஆசிலேட்டர் என்ற இன்னொரு வேகமான துடிப்புக்கு மாறினால் வேகம் பல மடங்கு கூடும், பேட்டரி அதற்கேற்ப இறங்கும். இரண்டாவது, மாறிய இடத்தை மட்டும் வரைவது. எனக்கு இரண்டாவதுதான் பிடிக்கும். முழுத் திரையையும் துடைத்துத் துடைத்து வரையும் பழக்கம் பெரிய கம்ப்யூட்டரிலிருந்து வருவது. இங்கே ஒரு பாம்பு கேம் என்றால், பாம்பின் தலையில் ஒரு புள்ளி சேர்த்து வாலில் ஒரு புள்ளி எடுத்தால் வேலை முடிந்தது. மீதி நேரத்தில் ஹால்ட் கட்டளை கொடுத்துச் சிப்பைத் தூங்கவிடுங்கள், அடுத்த இன்டரப்ட் வந்து எழுப்பும்.

கன்சோலில் செருகியிருக்கும்போது 6 மெகாஹெர்ட்ஸ் கிடைக்குமே என்று சிலர் கேட்கிறார்கள். கிடைக்கும். ஆனால் அப்போது அது மெமரி கார்டு வேலை பார்க்கிறது, உங்கள் கேம் ஓடாது.

படம் ஒவ்வொரு இரண்டு வரிக்கும் விலகித் தெரிகிறது.

ஒரு வரிக்கு 6 பைட், இரண்டு வரிக்கு 12. அதற்கு அடுத்த 4 பைட் திரையில் தெரியாத வெற்றிடம். அதைத் தாண்டித்தான் மூன்றாவது வரி தொடங்கும். மேல் 16 வரிகள் ஒரு பேங்கிலும் (திரை மெமரியின் ஒரு பகுதி) கீழ் 16 வரிகள் இன்னொரு பேங்கிலும் இருக்கின்றன. கீழ்ப்பாதி வரவே இல்லை என்றால் பேங்க் மாற்ற மறந்திருப்பீர்கள்.

சத்தம், ஹைஸ்கோர்?

சத்தம் டைமர் 1 வழியாக, ஒரு நேரத்தில் ஒரு சுரம். ஹைஸ்கோரை உங்கள் கேமின் இடத்துக்குள்ளேயே 128 பைட் துண்டாகப் பிளாஷில் எழுதலாம். ஒவ்வொரு புள்ளிக்கும் எழுதாதீர்கள், ஆட்டம் முடிந்ததும் ஒரு தடவை போதும். பேட்டரி குறைந்ததைச் சொல்ல போர்ட் 7-இல் ஒரு பிட் இருக்கிறது, எழுதுவதற்கு முன் அதைப் பாருங்கள்.

இரண்டு பேர் விளையாட முடியுமா?

முடியும். இரண்டு வி.எம்.யூ.க்களின் மூடியைக் கழற்றி ஒன்றோடொன்று நேருக்கு நேர் செருகலாம். சீரியல் வழியாகப் பேசிக்கொள்ளும். ஆளுக்கொரு கார்டில் கேம் இருக்கவேண்டும். சோதிப்பதற்கும் இரண்டு கருவி வேண்டும் என்பதால் இதை முதல் கேமில் முயலவேண்டாம்.

கருவி இல்லாமல் சோதிக்க?

மார்கஸ் காம்ஸ்டெட்டின் சாப்ட்வி.எம்.எஸ்., ரெட்ரோஆர்ச் என்ற மென்பொருளுக்குள் ஓடும் வெமுலேட்டர், எலிசியன்வி.எம்.யூ. ஆகிய எமுலேட்டர்கள், அதாவது கம்ப்யூட்டரிலேயே வி.எம்.யூ.வைப் போல நடிக்கும் மென்பொருள்கள், இருக்கின்றன. தினசரி வேலைக்கு இவை போதும். ஆனால் வேகத்தை மட்டும் அசல் கருவியில் பார்த்துவிட்டுத்தான் முடிவு செய்யவேண்டும். திரையின் மந்தமும் அங்கேதான் தெரியும்: வேகமாக ஓடும் புள்ளி, எமுலேட்டரில் கூர்மையாக இருந்தாலும், அசல் திரையில் கரைந்துபோகும்.

நான் எழுதும் ட்ரீம்காஸ்ட் கேமோடு ஒரு மினிகேமையும் கொடுக்கலாமா?

தாராளமாக. காலிஸ்டிஓஎஸ் என்ற திறந்த மூல நூலகத்தில் வி.எம்.யூ.வில் பைல் எழுதும் வசதி இருக்கிறது. இது கேம் என்று சொல்லும் கொடியைச் சேர்த்து அழைத்தால் 0-ஆவது பிளாக்கிலிருந்து எழுதிவிடும். ஏற்கெனவே அந்தக் கார்டில் வேறு மினிகேம் இருந்தால், கேட்காமல் அழித்துவிடாதீர்கள். யாருடைய சாவ் குட்டியோ அங்கே வளர்ந்துகொண்டிருக்கலாம்.

200-க்கு மேல் மறைந்திருக்கும் 41 பிளாக்கைத் திறக்கலாம் என்கிறார்களே?

200 முதல் 240 வரை சும்மா கிடக்கிறது, உண்மைதான். அடிப்படை பிளாக்கில் ஒரு எண்ணை மாற்றினால் 241 பிளாக் காட்டும். கேமின் 128 பிளாக் வரம்பு அப்படியேதான் இருக்கும், ஆகவே மினிகேமுக்கு இதனால் லாபம் எதுவுமில்லை.

இதெல்லாம் சட்டப்படி சரியா?

நீங்கள் எழுதிய கேம் உங்களுடையது, யாருக்கு வேண்டுமானாலும் கொடுக்கலாம். கம்பெனி டிஸ்க்கிலிருந்து எடுத்த மினிகேமைப் பரப்புவதும், வி.எம்.யூ.வின் ரோமைப் பகிர்வதும் வேறு விஷயம், அவற்றுக்குச் சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள்.

முதலில் என்ன மாதிரி கேம் எழுதலாம்?

பாம்பு, செங்கல் உடைப்பது, கண்ணிவெடி தேடுவது போன்றவை ஏற்கெனவே பலர் எழுதி மூல நிரலோடு விட்டிருக்கிறார்கள். ஒன்றை எடுத்து ஏற்றிப் பாருங்கள், அப்புறம் அதில் ஒரு எண்ணை மாற்றி மறுபடி ஏற்றிப் பாருங்கள். சொந்தமாகத் தொடங்கும்போது, முறை வைத்து ஆடும் கேம்கள் இந்தக் கருவிக்கு நன்றாகப் பொருந்தும்: ஆடு புலி ஆட்டம், பல்லாங்குழி, எண் புதிர். ஆட்டக்காரர் யோசிக்கும் நேரமெல்லாம் சிப் தூங்கலாம், பேட்டரியும் மிச்சம். ஆடு புலிக்கு 23 புள்ளிகள்தான், 48-க்கு 32-இல் கோடுகளோடு வரைய இடம் போதும். புலியையும் ஆட்டையும் வேறுபடுத்திக் காட்ட நிறம் கிடையாது என்பதால், புலிக்கு நிரப்பிய கட்டம், ஆட்டுக்கு வெற்றுக் கட்டம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.